தோட்டம் கேட்டால் வெட்டு

திங்கள் முதல் வெள்ளி வரை, காலை பத்து மணியிலிருந்து பதினொரு மணி வரை, மூன்று கேமராக்களையும் ஒரு தொகுப்பாளரையும் இரண்டு தொலைபேசி இணைப்புகளையும் நான் பார்த்துக்கொள்கிறேன். நேரலைப் பேச்சு நிகழ்ச்சி. ஈப்போவில் ஒரு கடைவீட்டின் மேல்மாடியில் எங்கள் ஸ்டுடியோ. கீழே டயர் கடை. அவர்கள் சக்கரம் கழற்றும் இயந்திரத்தைப் போட்டால் மேலே மைக்கில் கேட்கும். அதனால் பத்து மணிக்கு முன்னால் நான் இறங்கிப்போய், சீன முதலாளிக்குக் கை காட்டிவிட்டு வருவேன். பதினொரு மணி வரைக்கும் அவர் டயர் விற்பார், மாட்டமாட்டார். பெரிய நிலையங்களில் இயக்குநர் ஒருவர், தயாரிப்பாளர் ஒருவர். இங்கே இரண்டும் நான்தான், கை காட்டுகிறவனும் நான்தான்.

அப்பாவும் அம்மாவும் ரப்பர் தோட்டத்தில் பால்மரம் வெட்டியவர்கள். எங்கள் வீட்டில் படிப்பை முடித்துச் சான்றிதழ் வாங்கிய முதல் ஆள் நான். வேலை கிடைத்த புதிதில் அம்மா ஒரு வாரம் முழுக்க நிகழ்ச்சியைப் பார்த்துவிட்டுக் கேட்டார்.

"ஒரு நாளும் ஒன் மூஞ்சியக் காணோமே. நீ அங்க என்னாதான் செய்ற?"

"நான் பின்னால இருக்கேன்மா. யாரு எப்பப் பேசணும், எப்ப நிறுத்தணும்னு சொல்றது என் வேல."

"அதுக்கா இவ்ளோ படிச்ச?"

ஆனால் அதுதான் வேலை. கண்ணாடிக்கு இந்தப் பக்கம் உட்கார்ந்து, தொகுப்பாளரின் காதுக்குள் பேசிக்கொண்டே இருக்க வேண்டும். அவர் என்னைவிடப் பத்து வயது மூத்தவர். நான் அக்கா என்பேன், அவர் தம்பி என்பார். "அக்கா, இருபது விநாடி. முடிங்க. பத்து. அஞ்சு." முகத்தில் சிரிப்பு மாறாமல் அவர் முடித்துவைப்பார். இடைவேளை விட்டதும் அதே சிரிப்போடு, "காதுல கத்தாதன்னு எத்தன தடவ சொல்றது ஒனக்கு" என்பார். நேரலையில் போன நிமிடம் போனதுதான். பதிவு செய்து வெட்டி ஒட்டும் நிகழ்ச்சியில் வேலை செய்கிறவர்கள் எங்களைப் பார்த்துப் பாவப்படுவார்கள்.

நேயர் அழைப்புகளை எடுப்பவன் என்னோடு கல்லூரியில் படித்தவன். தைப்பிங்காரன். அழைப்பவரிடம் முதலில் அவன் பேசி, சரியான ஆளா என்று பார்த்து, எனக்கு விரலைக் காட்டுவான். ஒரு விரல் என்றால் முதல் இணைப்பு, இரண்டு என்றால் இரண்டாவது. அவன் இப்படி வடிகட்டுவதற்கு ஒரு விதி வைத்திருந்தோம். விதியை எழுதியவன் நான். அவன் மேசைக்கு மேலே வெள்ளைப் பலகையில் நீல மையில் இருந்தது: நலம் விசாரிப்பு, சொந்தம், தோட்டம் – வெட்டு.

அந்த விதி வந்தது ஒரு பல் மருத்துவரால். வேலைக்கு வந்த முதல் வருடம், குழந்தைகளின் பல் பற்றிப் பேச அவரை அழைத்திருந்தோம். ஒரு பெண் போன் போட்டார். மகனுக்குப் பல் ஆடுகிறது என்று ஆரம்பித்தார். மருத்துவர் பதில் சொல்வதற்குள், "டாக்டர், நீங்க எந்தத் தோட்டம்?" என்றார். மருத்துவர் சொன்னார். "அட, எங்க சித்தியக் கட்டிக் குடுத்தது அங்கதான் லா. மேல் லயமா கீழ் லயமா?" மருத்துவர் நாற்காலியில் முன்னால் நகர்ந்து உட்கார்ந்தார். லயம் என்றால் தோட்டத்து வரிசை வீடுகள். யார் வீட்டுக்குப் பக்கத்தில் யார் வீடு, யார் மகளை யார் மகன் கட்டினான் என்று ஒன்பது நிமிடம் போயிற்று. நான் காதுக்குள் கத்தினேன். அக்காவால் நிறுத்த முடியவில்லை. மகனின் பல் என்ன ஆனது என்று இன்றுவரை தெரியாது.

எங்கள் ஆட்கள் சந்தித்தால் கேட்கும் முதல் கேள்வி அது. தோட்டம் விற்று, லயம் இடித்து, எல்லாரும் ஈப்போவில் புந்தோங்குக்கும் மலிவுவிலை வீடுகளுக்கும் வந்து எத்தனையோ வருடமாகியும் அந்தக் கேள்வி போகவில்லை. எனக்கு அது பிடிக்காது. கல்லூரியில் ஊர் எது என்று கேட்டால் ஈப்போ என்று மட்டும் சொல்லிப் பழகியிருந்தேன். தோட்டம் எது என்று கேட்கிறவர்கள் அதற்குப் பின்னால் இன்னும் எதையெதையோ தெரிந்துகொள்ளப் பார்க்கிறார்கள் என்று எனக்கு ஒரு எண்ணம். நிகழ்ச்சி சுத்தமாக இருக்க வேண்டும், கேள்வி கேட்டால் பதில் வர வேண்டும், அவ்வளவுதான். பலகையில் எழுதிய பிறகு நிகழ்ச்சி ஒழுங்காக நடந்தது. மேலிடத்தில்கூடப் பாராட்டினார்கள்.

போன ஆண்டு வேறோர் அக்கா எங்கள் அலுவலகத்துக்குப் போன் செய்தார். ஈப்போவுக்கு வெளியே சிம்பாங் பூலாயில், கேமரன் மலையிலிருந்து இறங்கும் காய்கறியைத் தரம் பிரிக்கும் கொட்டகையில் வேலை. நாற்பதுக்குப் பக்கத்தில் வயது. அவருக்குப் பிறப்புப் பத்திரம் கிடையாது. அதனால் ஐ.சி. என்கிற அடையாள அட்டை கிடையாது. அதனால் மகளுக்கும் கிடையாது. மகள் படிவம் மூன்றில், அதாவது ஒன்பதாம் வகுப்பில், படிக்கிறாள்.

நான் நேரே போய்ப் பார்த்தேன். நேரலைக்கு முன்னால் விருந்தினரிடம் முழுக் கதையையும் ஒரு தடவை கேட்டுக் குறித்துக்கொள்வது என் வழக்கம். முட்டைக்கோஸின் வெளி இலைகளை உரித்துக்கொண்டே சொன்னார்.

"எங்கம்மாவுக்கு வலி வந்தப்ப தோட்டத்துல காரு ஏது? பால் ஏத்துற லோரிதான். பத்து காஜா டவுன் ஆஸ்பத்திரிக்குப் போற வழியிலயே நான் பொறந்துட்டேனாம். அதான் பொறந்தாச்சேன்னு லோரியத் திருப்பிட்டாங்களாம்."

"அப்புறம் பதியலயா?"

"நாளைக்குப் போலாம், நாளைக்குப் போலாம்னே அப்பா இருந்துட்டாரு. எனக்கு அஞ்சு வயசுல அம்மா செத்துட்டாங்க. அப்பா எங்கயோ போயிட்டாரு. சின்னம்மா தூக்கிட்டு வந்து வளத்தாங்க. அவங்களுக்கும் ஒண்ணும் தெரியல."

பதிவு அலுவலகத்தில் ஒன்றே ஒன்றுதான் கேட்கிறார்கள். பிறந்ததைப் பார்த்தவர் யாராவது வந்து சொல்ல வேண்டும். லோரியில் கூட வந்த பக்கத்து வீட்டு அம்மா இறந்துவிட்டார். மிச்சம் இருக்கிறவர் லோரி ஓட்டியவர். அவர் பெயர் இவருக்குத் தெரியாது. சின்னம்மா அவரை லோரிக்காரர் என்றுதான் சொல்வாராம்.

"மவளுக்குப் பரிச்ச வருது தம்பி. நம்பர் இல்லாட்டி பேரு பதிய முடியாதாம். மனு போட்டதுக்கு ஒரு ரசீதாச்சும் குடுங்க, நான் மேல எழுதிக் கேக்குறேங்கிறாங்க டீச்சரு. சாட்சி இல்லாம அந்த மனுவையே வாங்க மாட்டேங்கிறாங்க."

பன்னிரண்டு நிமிடம் ஒதுக்கினேன். நான்கு நிமிடம் அவர் சொல்ல வேண்டும், எட்டு நிமிடம் நேயர்களுக்கு. அந்த லோரிக்காரரைத் தெரிந்தவர் யாராவது பார்த்துக்கொண்டிருப்பார் என்று நம்பினேன்.

நிகழ்ச்சி அன்றைக்குக் கொட்டகையில் லீவு கேட்டு, புடவை கட்டி, அரை மணி முன்னாலேயே வந்துவிட்டார். விளக்கு போட்டதும் கைகளை மடியில் வைத்துக்கொண்டார். தொகுப்பாளர் அக்கா, "ஒங்க கதைய நேயர்களுக்குச் சொல்லுங்க" என்றார். அவர் கேமராவைப் பார்த்தார், அக்காவைப் பார்த்தார், கண்ணாடிக்குப் பின்னால் இருந்த என்னைப் பார்த்தார்.

"அதான் அன்னிக்கே தம்பிகிட்ட எல்லாத்தயும் சொல்லிட்டேனே."

இது எங்கள் தொழிலில் நடப்பதுதான். முன்கூட்டி நன்றாகக் கேட்டுவிட்டால், மறுபடி சொல்வது மரியாதை இல்லை என்று சிலர் நினைப்பார்கள். அக்கா விடவில்லை. "தம்பி கேட்டா போதுமா? அவரு காதுல வாங்குனத எங்களுக்கு ஒரு நாளும் சொல்லமாட்டாரு. நீங்களே சொல்லுங்க." வந்திருந்த அக்கா சிரித்துவிட்டார். பிறகு சொன்னார். நான்கு நிமிடக் கதை ஒன்றரை நிமிடத்தில் முடிந்தது. தோட்டத்தின் பெயர், லோரி, அவ்வளவுதான் வந்தது.

தொலைபேசியைத் திறந்தோம். முதலில் வந்தவர் எந்தப் படிவம் நிரப்ப வேண்டும் என்று கேட்டார். அடுத்தவர் தன் தங்கைக்கும் இதே பிரச்சினை என்றார். மூன்றாமவர் அரசாங்கத்தைப் பற்றிப் பேச ஆரம்பித்தார், இணைப்பை மெதுவாக இறக்கினேன். பிறகு இன்னும் இரண்டு பேர். லோரிக்காரரைப் பற்றி ஒருவரும் பேசவில்லை. நான் அக்காவின் காதில் பத்திலிருந்து எண்ணினேன்.

வெளியே வந்ததும் அந்த அக்கா என்னிடம் கேட்டார், "யாரும் போன் அடிக்கலயா தம்பி?"

"இல்லக்கா. இன்னும் ஃபேஸ்புக்குல போடுவோம். பாக்கலாம்."

"சரி. பரவால்ல" என்றார். பேருந்துக்கு நேரமாகிவிட்டது என்று படியிறங்கிப் போனார்.

ஃபேஸ்புக்கில் போட்டோம். பாவம் என்று எழுதினார்கள். கைகூப்பும் படம் போட்டார்கள்.

மதியம் சாப்பிடும்போது, அழைப்புகளை எடுக்கும் நண்பனிடம் சும்மாதான் கேட்டேன். "இன்னிக்கு எத்தன கால் வெட்டுன?"

"இருவது இருக்கும். எல்லாம் நீ எழுதிப் போட்ட கேஸுதான் மச்சான். அக்கா புடவ நல்லாருக்கு, அக்கா சாப்டாச்சா, அப்படி. ஒரு பெரியவரு மட்டும் மூணு வாட்டி அடிச்சாரு. சரியான தொல்ல."

"என்னா கேட்டாரு?"

"அந்தப் பொண்ணு எந்த லயம், அம்மா என்னா வேல செஞ்சாங்க, கேட்டுச் சொல்லுன்னாரு. எதுக்குன்னு கேட்டா, நீ மொதல்ல கேட்டுச் சொல்லுங்கிறாரு. தோட்டம் கேக்குறாருன்னு வெட்டிட்டேன்."

நான் சோற்றில் கை வைத்தபடி இருந்தேன். அவனும் நிறுத்திவிட்டான்.

"நம்பர் எழுதுனியா?"

"ஏர்ல போறவங்க நம்பர மட்டும்தான் எழுதச் சொன்ன."

அதையும் நான்தான் சொல்லியிருந்தேன். எங்கள் பழைய கருவி எண்ணைக் காட்டும், அடுத்த அழைப்பு வந்தால் முந்தியது போய்விடும். அந்த அக்கா இன்னும் பேருந்தில்தான் இருப்பார் என்று தோன்றியது. போன் பண்ணி என்ன சொல்வது என்று தெரியவில்லை. பண்ணவில்லை.

மறுநாள் நிகழ்ச்சி முடி உதிர்வது பற்றி. தொடங்குவதற்கு முன் அக்காவிடம் முதல் ஒரு நிமிடத்தைக் கேட்டேன். எழுதிக் கொடுத்ததை அவர் வாசித்துப் பார்த்தார்.

"தப்பு எங்களுடையதுன்னு நான் ஏர்ல சொல்லணுமா? ஒன் தப்புன்னு போட்டுக்கவா?"

"போட்டுக்குங்கக்கா."

அவர் அப்படிச் சொல்லவில்லை. கேமராவைப் பார்த்து, நேற்று மூன்று முறை அழைத்து எந்த லயம் என்று கேட்ட ஐயா, உங்களை நாங்கள் பேசவிடாமல் துண்டித்துவிட்டோம், தயவுசெய்து திரும்பவும் கூப்பிடுங்கள் என்றார். நண்பன் தானே எழுந்து பலகையைத் துடைத்தான்.

நான் எதிர்பார்க்காத ஒன்று நடந்தது. எல்லாரும் கூப்பிட்டார்கள். தோட்டம் கேட்கலாம் என்று அனுமதி கிடைத்துவிட்டதாக நினைத்துவிட்டார்கள் போல. முடி உதிர்வது பற்றிப் பேச வந்த மருத்துவரிடமே ஒருவர் எந்தத் தோட்டம் என்று கேட்டார். அவர் பினாங்குச் செட்டியார் வீட்டுப் பிள்ளை, தோட்டத்தையே பார்த்ததில்லை. "நாங்க கட வச்சிருந்தோங்க" என்று பாவமாகச் சொன்னார். நண்பன் ஒவ்வோர் அழைப்பையும் முழுதாகக் கேட்டான். அவனைப் பார்க்கவே எனக்குச் சங்கடமாக இருந்தது. நாற்பது நிமிடம் போயிற்று. முடிய எட்டு நிமிடம் இருக்கும்போது அவன் எழுந்து நின்று இரண்டு விரலைக் காட்டினான்.

ஒலிபெருக்கியில் போட்டேன், எங்கள் அறைக்குள் மட்டும்.

"நேத்து வெட்டுனது நீதானா?" என்றது குரல்.

"ஆமாங்க மாமா. தப்புதான். மன்னிச்சிருங்க" என்றான் நண்பன்.

"மரத்தக்கூட ஒரு நாளைக்கு ஒரு தடவதான்டா வெட்டுவாங்க. என்னய மூணு தடவ வெட்டுற."

நான் அக்காவின் காதில் சொன்னேன், ஆள் கிடைத்துவிட்டார் என்று. அவர் மருத்துவரைப் பார்த்துத் தலையாட்டிக்கொண்டே, மேசைக்குக் கீழே கட்டைவிரலைக் காட்டினார். அனுப்பு என்று அர்த்தம். என் விரல் பொத்தான் மேல் இருந்தது. இப்படி ஒரு அழைப்பு நேரலையில் வருவதற்கு இயக்குநர்கள் வருடக்கணக்கில் காத்திருப்பார்கள்.

"மாமா, ஒங்கள இப்ப டிவில போடவா? அந்த அக்கா பொறந்தத நீங்களே சொல்றீங்களா?" என்றேன்.

"என்னத்தச் சொல்றது? எந்த லயம்னு சொல்லு மொதல்ல. என் லோரியில அந்த வருசம் ரெண்டு புள்ளைங்க பொறந்துச்சு. ரெண்டும் பொட்டப்புள்ள. இது யாரு மவள்னு தெரியாம நான் எப்படி வாயத் தொறக்குறது? நாளைக்கு ஆபீஸ்ல சத்தியம் பண்ணச் சொன்னா?"

ஒரு மணி நேரம் அந்த அக்காவோடு உட்கார்ந்து ஆறு பக்கம் எழுதியிருந்தேன். எந்த லயம் என்று கேட்கவில்லை. அம்மா என்ன வேலை செய்தார் என்று கேட்கவில்லை. லயத்தில் பிறந்தவன் நான், எனக்குக் கேட்கத் தெரியாமல் இல்லை. கேட்கக் கூடாது என்று வைத்திருந்தேன்.

பொத்தானிலிருந்து விரலை எடுத்தேன். முகவரி வாங்கிக்கொண்டேன். புந்தோங், கோயிலுக்கு எதிர்ச் சந்து. அக்காவிடம், "இல்லக்கா. முடி பத்தியே பேசி முடிங்க" என்றேன். அவர் என்னைக் கண்ணாடி வழியாக ஒரு பார்வை பார்த்தார். முடித்தார்.

அன்று பிற்பகல், நான் போன் பண்ணிச் சொல்ல, வேலை முடிந்த கையோடு அந்த அக்கா மகளை மோட்டோவில் ஏற்றிக்கொண்டு புந்தோங்குக்கு வந்தார்; நானும் போயிருந்தேன். மகள் பள்ளிச் சீருடையிலேயே இருந்தாள். பெரியவர் வாசலில் பிளாஸ்டிக் நாற்காலி போட்டு உட்கார்ந்திருந்தார். எழுபதுக்கு மேல். உட்காரச் சொல்லவில்லை. முதலில் கேள்விதான்.

"எந்த லயம்?"

"கீழ் லயம் மாமா. கொழாயடிக்குப் பக்கத்து வீடு."

"ஒங்கம்மா பால் வெட்டா, புல்லு வெட்டா?"

"புல்லு வெட்டுதான். ஒரு காலு கொஞ்சம் இழுத்து நடப்பாங்களாம். சின்னம்மா சொல்லுவாங்க."

அவர் அந்த அக்காவின் முகத்தை உற்றுப் பார்த்தார். பிறகு, "ஒங்கப்பன் சைக்கிள்ள மணி கெடயாது. வாயாலயே மணியடிச்சிட்டு வருவான்" என்றார்.

"எனக்குத் தெரியாது மாமா. அப்பாவப் பத்தி எனக்கு ஒண்ணுமே தெரியாது."

"நீ ரெண்டாவது. மொதப் புள்ள மேல் லயம், மழ நாளு. நீ நல்ல வெயில்ல பொறந்த. பாலத்துக்கு இந்தப் பக்கம் லோரிய நிறுத்துனேன். பால் டாங்கி பின்னால நெறஞ்சிருக்கு, ஒங்கம்மாவ முன்னாலதான் ஏத்தியிருந்தோம். நான் கீழ எறங்கி ரோட்டப் பாத்துட்டு நின்னேன். சத்தம் கேட்டப்புறந்தான் திரும்புனேன்."

"பாலத்துக்கு இந்தப் பக்கமா, அந்தப் பக்கமா மாமா?"

"இந்தப் பக்கம்னுதான சொன்னேன்."

"இல்ல, சரியாத் தெரிஞ்சுக்கலாம்னு."

"பத்து காஜா போறப்ப இந்தப் பக்கம். ஒரு பெரிய மரம் இருந்துச்சு, இப்ப இல்ல." பிறகுதான் உள்ளே பார்த்து, நாற்காலி கொண்டுவரச் சொன்னார். மகளிடம், "நீ என்னா படிக்கிற?" என்றார்.

அடுத்த திங்கள்கிழமை நான் அவர்கள் மூவரையும் காரில் பதிவு அலுவலகத்துக்கு அழைத்துப்போனேன். நிகழ்ச்சியை அன்று நண்பன் பார்த்துக்கொண்டான். முகப்பில் ஒரு மலாய்க்காரப் பெண் அதிகாரி. பெரியவர் மலாயில் தெளிவாகச் சொன்னார். ரோடு, பாலம், வெயில், முன் சீட்டு. கீழ் லயத்தில் எத்தனை வீடு, எந்த வீடு என்பதுவரை சொன்னார். அதிகாரி தட்டச்சு செய்துகொண்டே வந்தவர், ஓர் இடத்தில் நிறுத்தி, விண்ணப்பதாரருக்கு நீங்கள் என்ன உறவு என்று கேட்டார். பெரியவர் யோசித்தார். அந்த அக்காவைத் திரும்பிப் பார்த்தார். அவருக்கும் தெரியவில்லை.

"டிரைவர்" என்றார்.

அதிகாரி அப்படியே போட்டுக்கொண்டார். பெரியவர் கையெழுத்துப் போட்டபோதுதான் அவர் பெயரை அந்த அக்கா முதல்முறையாகப் படித்தார், எழுத்துக்கூட்டி, உதடு மட்டும் அசைந்தது. மனுவை ஏற்றுக்கொண்டதற்கு முத்திரை குத்தி ஒரு சீட்டுக் கொடுத்தார்கள். மாதக்கணக்கில் ஆகும், விசாரணைக்குக் கூப்பிடுவோம், அப்போது சாட்சியும் வர வேண்டும் என்றார்கள். "உசுரோட இருந்தா வாரேன்" என்றார் பெரியவர். அதிகாரிக்கு அதை நான் மொழிபெயர்க்கவில்லை.

அம்மா கையிலிருந்த சீட்டை மகள் வாங்கி, ஜன்னல் வெளிச்சத்தில் பிடித்து, கைப்பேசியில் இரண்டு முறை படம் எடுத்தாள். முதல் படத்தில் முத்திரை தெளிவாக இல்லையாம். இரண்டாவதை டீச்சருக்கு அனுப்பினாள். அனுப்பிய இடத்திலேயே நின்றாள். நாங்களும் நின்றோம். பதில் வருவதற்குப் பத்து நிமிடம் ஆனது. மேலே எழுதிக் கேட்கிறேன், அசலைப் பத்திரமாக வை, நாளைக்கு நகல் கொண்டு வா என்று இருந்தது.

"நகல் எங்க எடுக்கிறது?" என்றார் அந்த அக்கா. கீழ்த்தளத்தில் கடை இருக்கிறது என்றேன். நான்காக எடுத்தோம். பெரியவர் தனக்கும் ஒன்று வேண்டும் என்றார்.